அழிஞ்சிலும் குல்மோகரும்

மரம் நடப் புறப்படுகிறவர்கள் எங்கள் பக்கத்தில் முதலில் கேட்பது, எது நல்லாய்ப் பூக்கும் என்று. அடுத்துக் கேட்பது, எது கெதியாய் வளரும் என்று. இரண்டு கேள்விக்கும் பெரும்பாலும் ஒரே பதில்தான் வந்து சேர்கிறது: குல்மோகர். பாடசாலை வாசல், வீதிச் சந்தி, புதிதாய்க் கட்டிய மண்டபத்தின் முன்பக்கம் என்று எங்கெல்லாம் அழகு வேண்டும் என்று நினைக்கிறோமோ அங்கெல்லாம் ஒரு குல்மோகர் நிற்கும். மே மாதத்தில் பூப்பதால் மேமரம் என்றும் சொல்வார்கள்.

அதே ஊரின் காட்டோரத்தில், குளக்கட்டின் கீழ்ச்சரிவில், வயல் முடிந்து பற்றை தொடங்கும் இடத்தில் யாரும் நடாமல், யாரும் தண்ணீர் ஊற்றாமல் நிற்பது அழிஞ்சில். அதுவும் இலையுதிர்த்துவிட்டு வெறுங்கொம்பில் பூக்கிற மரம்தான். அதுவும் ஆறு மாத வெயிலைத் தாங்குகிற மரம்தான். ஒன்றைக் கொண்டுவந்து வாசலில் நடுகிறோம்; மற்றதைக் கத்தி கொண்டு வெட்டுகிறோம். ஏன் இப்படி என்ற கேள்வி என்னைப் பல வருடமாக விடவில்லை. இரண்டையும் அருகருகே நிறுத்தி, திரியாய் மண்ணில், திரியாய்க் காற்றில், திரியாயின் மழைக் கணக்கில் வைத்துப் பார்ப்பதுதான் இதற்கு நேர்மையான வழி என்று தோன்றியது.

முதலில் இடத்தைச் சொல்லிவிட வேண்டும். திருகோணமலை நகரிலிருந்து புல்மோட்டை வீதியால் வடக்கே வந்தால் உப்புவெளி, நிலாவெளி, இறக்கக்கண்டி, கும்புறுப்பிட்டி, குச்சவெளி எல்லாம் கடந்து வருவது திரியாய். ஒரு பக்கம் கடலும் களப்பும். மறு பக்கம் வயலும் குளமும், அதற்கப்பால் காடும். மழையில் பெரும்பங்கு ஐப்பசி தொடங்கித் தை வரைக்கும் வடகீழ்ப் பருவக்காற்றோடு வந்து கொட்டித் தீர்ந்துவிடும். பிறகு வானம் கைவிட்டுவிடும். வைகாசி பிறந்தால் மேற்கிலிருந்து கச்சான் வீசும். மலைநாட்டின் மறுபக்கத்தில் மழையைக் கொட்டிவிட்டு, சமவெளி முழுக்கக் கடந்து, ஈரம் எல்லாம் இழந்து வருகிற காற்று அது. ஆவணி வரைக்கும் புல் கருகும், கிணற்று நீர் அடியில் போகும், கரையோரக் கிணறுகளில் உவர் ஏறும். இங்கே ஒரு மரத்தின் பரீட்சை கார்த்திகையில் நடப்பதில்லை, ஆடியில் நடக்கிறது. மழைக்காலத்தில் எந்தக் கன்றும் பச்சையாகத்தான் நிற்கும்.

இன்னொன்றையும் சொல்லியாக வேண்டும். அதைச் சொல்லாமல் இந்த ஊரில் எந்த மரத்தைப் பற்றியும் பேச முடியாது. போர்க்காலத்தில், 1985இல், இந்த ஊர் இடம்பெயர்ந்தது. வீடுகள் எரிந்தன, மனிதர் இறந்தனர், மிஞ்சினவர்கள் வேறு ஊர்களில் போய் இருந்தார்கள். நீண்ட காலம் வளவுகளில் ஆள் இல்லை. ஆள் இல்லாத வளவுக்குள் காடு வந்தது. திரும்பி வந்தவர்கள் முதலில் செய்த வேலை வெட்டுவதுதான். கிணறு எங்கே என்று தேட வெட்டினார்கள். அத்திவாரம் எங்கே என்று காண வெட்டினார்கள். அப்படி வெட்டுப்பட்டவற்றில் விண்ணாங்கு, ஈச்சை, காரை, சூரை எல்லாம் உண்டு, அழிஞ்சிலும் உண்டு. அது முள்ளுள்ள மரம். நாட்பட்ட கொப்புகளின் நுனி கூர்ந்து முள்ளாகிவிடும். கால் கை கிழிந்த ஞாபகம் அவ்வளவு சுலபத்தில் போகாது.

ஒருமுறை ஒரு வளவு மூலையில் நின்ற அழிஞ்சிலை வெட்ட வேண்டாம் என்று நான் கேட்டுக்கொண்டபோது, அந்த வீட்டுப் பெரியவர் சொன்னார்: “தம்பி, உது எங்கட முத்தத்தில நிண்டு சிரிச்ச மரம். நாங்கள் இல்லாத நேரம் வந்து குடியிருந்த மரம். உத நான் வைச்சுப் பாக்கேலாது.” எனக்குப் பதில் வரவில்லை. அவர் அந்த இடத்தில் ஒரு குல்மோகர்க் கன்றை நட்டார். அவருக்கு அந்தக் கன்று, ஆள் இருக்கிற வீடு என்பதன் அடையாளம். தானாக முளைக்காமல், ஒரு மனிதர் கடையில் வாங்கி, சைக்கிளில் வைத்துக் கொண்டுவந்து, குழி தோண்டி நட்ட மரம்.

ஆகவே இந்த ஒப்பீட்டில் குல்மோகரைக் குறைவாகப் பேசுவது என் நோக்கமாக இருக்க முடியாது. ஆனால் அந்தப் பெரியவரின் மனதில் இருந்த இரண்டு எண்ணங்களும், அழகுக்கு நடும் மரம் வெளியிலிருந்துதான் வர வேண்டும் என்பதும், காட்டு மரம் வளவுக்குள் வந்தால் அது ஆளில்லாமையின் அடையாளம் என்பதும், திரியாயில் மட்டும் உள்ளவை அல்ல. போர் காணாத ஊர்களிலும் இதே எண்ணம்தான். அங்கே அதற்கு இந்த நியாயமும் கிடையாது.

பிறப்பிடத்தைப் பார்த்தால் ஒரு வியப்பு காத்திருக்கிறது. குல்மோகரின் தாய்வீடு மடகாஸ்கர். அந்தப் பெருந்தீவின் வடக்கிலும் மேற்கிலும் உள்ள உலர்காடுகளில் அது இயல்பாக நிற்கிறது. 1829இல் அதற்குத் தாவரவியல் பெயர் கிடைத்தது. மொரீசியசில் இருந்த வென்சசுலாசு போயர் என்ற தாவரவியலாளர் அதை உலகுக்குக் காட்டினார். நூறாண்டுக்குள் வெப்பநாடுகளின் வீதி எல்லாம் அது பரவிவிட்டது. ஆனால் அதன் சொந்தக் காடுகள் கரிக்காகவும் மேய்ச்சலுக்காகவும் அழிந்துகொண்டே வந்தன. உலகம் முழுக்க நட்டு வளர்க்கப்படும் ஒரு மரம், தன் சொந்தக் காட்டில் தேய்கிறது. ஊர் விட்டு ஊர் போய் வாழ்ந்தவர்களுக்கு இது புரியாத கதை இல்லை.

அழிஞ்சிலோ இந்த மண்ணிலேயே பிறந்தது. இலங்கையின் உலர்வலயம், தமிழ்நாடு, கேரளம் தொடங்கி இந்தியாவின் பல பகுதி, அப்பால் தென்கிழக்காசியா வரைக்கும் அதன் எல்லை. சிங்களத்தில் ருக் அங்குன. வடமொழியில் அங்கோலம். அதன் அறிவியற்பெயரான அலாஞ்சியம் என்பதே நம் பக்கத்துச் சொல்தான். மலையாளக் கரையில் ஒல்லாந்தத் தளபதியாக இருந்த வான் ரீடு, இட்டி அச்சுதன் போன்ற நாட்டு வைத்தியர்களின் துணையோடு தொகுத்த ஓர்த்துசு மலபாரிக்கசு என்ற 12 பாகப் பெருநூல் 1678 முதல் 1693 வரை ஆம்ஸ்டர்டாமில் அச்சாகியது. அதில் இந்த மரம் அங்கோலம் என்ற பெயரோடு படமாக இருக்கிறது. ஏறத்தாழ நூறு வருடம் கழித்து, 1783இல், பிரெஞ்சுத் தாவரவியலாளர் லாமார்க் இந்தப் பேரினத்துக்குப் பெயர் வைத்தபோது மலையாளக் கரையில் வழங்கிய பெயரையே இலத்தீனுக்கு ஏற்ப வளைத்துக்கொண்டார். அழிஞ்சில் என்ற நம் சொல்லின் எதிரொலி உலகத்தின் ஒவ்வொரு தாவரத் தோட்டத்துப் பெயர்ப்பலகையிலும் இருக்கிறது. நம் வளவுகளில்தான் இல்லை.

குடும்பம் எது என்பதில் நீண்ட நாள் குழப்பம் இருந்தது. தனிக் குடும்பமாக வைத்திருந்தார்கள். மரபணு ஆய்வு வளர்ந்த பிறகு, வட அமெரிக்காவில் டாக்வுட் என்று கொண்டாடப்படும் மரத்தின் குடும்பத்துக்குள் அழிஞ்சிலையும் சேர்த்துவிட்டார்கள். அந்த டாக்வுட்டும் திரியாய்ப் பற்றைக்குள் நிற்கும் அழிஞ்சிலும் ஒரே குடும்பத்து உறவுக்காரர்.

இந்த உறவுக்காரரின் கதையைக் கொஞ்சம் சொல்லத்தான் வேண்டும். டாக்வுட்டும் காட்டு மரம்தான். பெரிய மரங்களின் நிழலுக்குக் கீழே, இரண்டாம் வரிசையில் நிற்கிற சின்ன மரம். ஆனால் அந்நாட்டு மக்கள் அதைக் காட்டிலிருந்து கிளப்பிக்கொண்டுவந்து முற்றத்தில் நட்டார்கள். ஜார்ஜ் வாஷிங்டன் 1785இல் தன் மவுண்ட் வெர்னன் தோட்டத்துக்குக் காட்டிலிருந்து டாக்வுட்களைப் பெயர்த்து நட்டதைத் தன் நாட்குறிப்பில் எழுதியிருக்கிறார். வெர்ஜீனியா மாநிலம் 1918இல் அதன் பூவை மாநிலப் பூவாக ஏற்றது, வடகரோலினா 1941இல். டோக்கியோ நகரம் 1912இல் வாஷிங்டனுக்குச் செர்ரி மரங்களை அன்பளிப்பாக அனுப்பியது உலகறிந்த செய்தி. அதற்குக் கைம்மாறாக 1915இல் அமெரிக்கா டோக்கியோவுக்கு அனுப்பியது டாக்வுட் கன்றுகளை. தங்கள் நாட்டை இன்னொரு நாட்டுக்கு எடுத்துக்காட்ட எது தகும் என்று யோசித்தபோது, தங்கள் காட்டின் சின்ன மரம்தான் அவர்களுக்கு நினைவில் வந்திருக்கிறது.

நாம் எதை அனுப்புவோம் என்று நான் யோசித்துப் பார்த்திருக்கிறேன். திருகோணமலையின் பெயரைத் தாங்கி வெளியே போன மரம் ஒன்று உண்டு. சவண்டலை மரத்தை ஆங்கிலேய வணிகர் திருகோணமலை மரம் என்றே அழைத்தார்கள்; அலை மோதும் கரையில் ஓடும் படகுகளுக்காகச் சென்னைக்கு ஏற்றினார்கள். அது பலகையாகப் போனது. கன்றாக எதுவும் போனதாக இல்லை.

இனிப் பூவுக்கு வருவோம். இதில் குல்மோகர் வென்றுவிடும் என்று எல்லாரும் நினைப்பார்கள். தூரத்தில் நின்று பார்த்தால் அது வெல்லத்தான் செய்கிறது. சித்திரை கடைசியில் தொடங்கி வைகாசி, ஆனி வரைக்கும் மரம் முழுக்கச் செம்மை. ஐந்து இதழில் நான்கு ஒரே சிவப்பு. ஐந்தாவது மட்டும் வெள்ளையும் மஞ்சளும் கோடுபட்டு நிமிர்ந்து நிற்கும். சின்ன வயதில் அந்த ஐந்தாவது இதழைப் பிய்த்துத் தின்றவர்கள் அதன் புளிப்பை மறந்திருக்க மாட்டார்கள். மொட்டுக்குள் இருக்கும் மகரந்தக் கம்பியை எடுத்து ஒன்றோடொன்று கொழுவி, யாருடைய தலை அறுகிறது என்று போட்டி வைப்பதும் உண்டு. வீதியால் வேகமாகப் போகிறவருக்குக் கண் நிறைய வேண்டும் என்றால் குல்மோகருக்கு ஈடு இல்லை. அதன் குறை மணம் இல்லாதது.

அழிஞ்சில் வீதிக்குப் பூப்பதில்லை. மாசி, பங்குனியில் இலை உதிர்ந்து, சாம்பல் நிறக் கொம்புகள் மட்டும் நிற்கும்போது, அந்தக் கொம்புகளின் நீளத்துக்கும் வெண்மை படரும். ஒவ்வொரு பூவும் ஒடுங்கிய இதழ்களை முழுதாய்ப் பின்னுக்குச் சுருட்டிக்கொண்டு, உள்ளே இருக்கும் மகரந்தத் தாள்களை வெளியே நீட்டிக்கொண்டு நிற்கும். முதல் நாள் பால்வெள்ளை. பிறகு இலேசாக மஞ்சள் பாயும். மணம் உண்டு. கிட்டப் போக முன்னமே மணம் வந்துவிடும், அதிலும் காலை வெயில் ஏறுமுன். தேனீயும் தேன்சிட்டும் வரும். காலை முழுக்க மரம் இரைந்துகொண்டிருக்கும். நிற்கிறவருக்கும் நடக்கிறவருக்குமான பூ அது. கோயிலுக்கு விடியற்காலையில் நடந்து போகிற பாதையில், வாசிகசாலைத் திண்ணையோரத்தில், வீட்டின் படுக்கையறைச் சாளரத்துக்கு வெளியே நிற்க வேண்டிய மரம்.

பூக்கும் காலத்தையும் கவனிக்க வேண்டும். அழிஞ்சில் முடிக்கிற இடத்தில் குல்மோகர் தொடங்குகிறது. இரண்டும் ஒரு வளவில் இருந்தால் மாசி முதல் ஆனி வரை பூ அறாது. ஒன்றை ஒன்று விரட்ட வேண்டிய அவசியம் பூவின் கணக்கில் இல்லை.

விரட்ட வேண்டிய இடம் வேரிலும் கொப்பிலும் வருகிறது. குல்மோகர் மேல்வேர் மரம். அதன் வேர் மண்ணின் மேற்பரப்போடு ஓடும். சீமெந்துத் தளத்தைக் கிளப்பும், மதிலைப் பிளக்கும், தண்ணீர்க் குழாய்க்குள் புகும். அடியில் புல்கூட ஒழுங்காக முளைக்காது. குடை அகலமானது, உயரத்தைவிட விரிவு அதிகம். அந்த விரிவைத் தாங்கும் மரம் மென்மையானது. கொப்பு சடக்கென்று முறியும்.

நம் கரை எப்படிப்பட்ட கரை என்பதை இங்கே நினைக்க வேண்டும். 1964 டிசம்பர் 22ஆம் திகதி இரவு வீசிய சூறாவளி இந்தப் பக்கத்தால் இலங்கையைக் கடந்து போய்த்தான் தனுஷ்கோடியை அழித்தது. 2020 டிசம்பர் 2ஆம் திகதி இரவு புரேவிப் புயல் திருகோணமலைக்கு வடக்கே, நம் கரையால்தான் ஏறியது. மாரி மழையில் ஊறிய மண், மேலோடிய வேர், இலை நிறைந்த அகலக் குடை. இந்த மூன்றும் ஒரு வகுப்பறைக் கூரைக்கு மேலே ஒன்றாக நிற்பதை நினைத்தால் எனக்குப் பயம் வரும். குல்மோகரை நட வேண்டாம் என்று நான் சொல்லவில்லை. கட்டடத்திலிருந்து அதன் முழு விரிவுக்கும் தள்ளி நடுங்கள், மின்கம்பிக்குக் கீழே நடாதீர்கள், மாரிக்கு முன் காய்ந்த கொப்பைக் கழியுங்கள் என்றுதான் மன்றாடிக் கேட்கிறேன்.

அழிஞ்சில் பெரும்பாலும் மூன்று மீற்றரிலிருந்து பத்து மீற்றருக்குள் நின்றுவிடும். மரம் கட்டி. முன்னாளில் கருவிப் பிடிக்கும் உலக்கைக்கும் எடுத்த மரம் அது. குட்டையாகவும் கட்டியாகவும் இருப்பதால் காற்றுக்கு அதில் பிடிக்க அதிகம் இல்லை. முறிந்தாலும் வெட்டினாலும் அடியிலிருந்து துளிர்க்கும். வளவு துப்புரவாக்கியவர்கள் எல்லாருக்கும் இது தெரியும். எத்தனை முறை வெட்டினாலும் வருகிறது என்று அலுத்துக்கொள்கிறார்களே, அந்த அலுப்புத்தான் ஒரு தோட்டக்காரர் ஒரு மரத்துக்குக் கொடுக்கக்கூடிய மிகப் பெரிய சான்றிதழ். வெட்டத் துளிர்க்கும் மரத்தை வேலியாகவும் கத்தரிக்கலாம், ஒற்றைத் தண்டாக விட்டு மரமாகவும் எடுக்கலாம். வருடம் ஒருமுறை, பூ முடிந்த பிறகு கத்தரித்தால் போதும். முன்னால் வெட்டினால் அந்த வருடப் பூ போய்விடும்.

நிழல் என்று வந்தால் அழிஞ்சிலுக்காக வாதாட எனக்கு வாய் வராது. நாம் நிழலுக்குத் தவிக்கிற பங்குனியில் அது வெறுங்கொம்பாக நிற்கும். புதிய இலை வந்த பிறகும் அடியில் ஒரு வாங்கு போடும் அளவுக்குக் குடை கிடையாது. குல்மோகரின் நிழல் விரிவானது, ஆனால் அதுவும் மெல்லிய சிற்றிலை நிழல்; வெயில் சல்லடையால் வடிந்து வருகிற மாதிரி. சரியான நிழல் வேண்டும் என்றால் இந்த இரண்டையும் விட்டுவிட்டு வேம்பையும் பாலையையும் நட வேண்டும். பாலை வளர ஒரு தலைமுறை ஆகும். அதற்காகவே இன்றைக்கு நட வேண்டும்.

முள்ளைப் பற்றி நேரடியாகப் பேச வேண்டும். பிள்ளைகள் ஓடி விளையாடும் முற்றத்துக்கு நடுவில் அழிஞ்சிலை நடுவது பிழை. குல்மோகரில் அந்தக் கவலை இல்லை. ஆனால் அதே முள்தான் எல்லையில் நமக்கு உதவி. திரியாயில் வளவு எல்லை என்றால் இப்போது கம்பிவேலி, அல்லது சீமைக்கிளுவைக் கதியால். கம்பி உப்புக்காற்றில் துருப்பிடித்துப் போகும். நெருக்கி நட்டு, இடுப்பளவில் கத்தரித்து வளர்த்த அழிஞ்சில் வரிசைக்குள் ஆடு மாடு சுலபத்தில் புகாது. அதற்குள் சிட்டுக்கள் கூடு கட்டும், பூனைக்கு எட்டாது.

பழத்தில்தான் இரண்டு மரமும் முற்றாகப் பிரிகின்றன. குல்மோகர் ஒரு முழத்துக்குக் கிட்ட நீளமான காயைத் தொங்கவிடும். தடித்து, மரமாகி, கறுத்து, மாதக்கணக்கில் கொம்பிலேயே தொங்கும். கச்சான் வீசும்போது உள்ளே விதை கிலுங்கும். அந்தச் சத்தம் எனக்குப் பிடிக்கும். ஆனால் அதைத் தின்ன ஒரு குருவி இல்லை. அதற்குரிய உயிர்கள் மடகாஸ்கரில் இருக்கலாம், இங்கே இல்லை. அது நம் நாட்டில் விருந்தாளி மரம். பூத்துக் காட்டும், யாரையும் கூட்டி வைத்துச் சோறு போடாது.

அழிஞ்சில் பழம் சின்னது, ஒரு விரல்நுனி அளவு. பச்சை சிவந்து, சிவப்புக் கறுத்து ஊதாவாகும். உச்சியில் புல்லி வட்டம் ஒரு சின்ன முடியாய் இருக்கும். உள்ளே ஒரே விதை, அதைச் சுற்றி வழுவழுத்த பசைச் சதை. இனிப்பும் புளிப்பும் துவர்ப்பும் கலந்த சுவை. மாடு மேய்க்கப் போன பிள்ளைகள் பாலைப்பழம், வீரைப்பழம் வரிசையில் இதையும் தின்றவர்கள்தான். சின்னானும் குக்குறுவானும் வந்து கொத்தும். வெயில் கொளுத்தி மற்ற எல்லாம் காய்ந்து கிடக்கும் மாதங்களில் பழுப்பதால் இதன் பெறுமதி கூட. ஒரு மரத்தை வாசலில் வைப்பது என்றால், அதைத் தேடி வருகிற எல்லாவற்றையும் வாசலுக்கு அழைப்பது என்றுதான் எனக்கு அர்த்தம்.

பழத்தின் பசையைச் சொன்னதும் இன்னொன்று நினைவுக்கு வருகிறது. இந்த மரத்தில் ஒரு வகையை ஏறழிஞ்சில் என்று சொல்வார்கள். கீழே விழுந்த விதைகள் இரவில் நகர்ந்து போய் மறுபடியும் தாய்மரத்தில் ஏறி ஒட்டிக்கொள்ளுமாம். ஆதிசங்கரர் பெயரில் வழங்கும் சிவானந்தலகரியில் பக்திக்கு உவமையாக வரும் பொருள்களில் தாய்மரத்தை நாடும் அங்கோல விதையும் ஒன்று. பசைச்சதையோடு மரப்பட்டையில் ஒட்டிக்கிடந்த விதைகளைப் பார்த்து எழுந்த நம்பிக்கை என்றே நான் நினைக்கிறேன். ஆனால், விழுந்த இடத்தில் கிடக்காமல் தாய்மரத்துக்குத் திரும்பி வருகிற விதை என்ற எண்ணத்தை, பல ஆண்டு கழித்து ஊர் திரும்பிய ஒருவரிடம் சொன்னபோது, அவர் அன்று முழுக்க அதையே பேசிக்கொண்டிருந்தார்.

வைத்தியக் கதைகளை நான் இங்கே நீட்டப் போவதில்லை. வேர்ப்பட்டை சித்த மருத்துவத்திலும் சிங்கள நாட்டு வைத்தியத்திலும் நெடுங்காலம் பயன்பட்டது. அதில் வாந்தியை உண்டாக்கும் எமெட்டீன் போன்ற வீரியமான சத்துகள் இருப்பதை வேதியியல் கண்டிருக்கிறது. ஆகவே வளவில் நிற்கிறதே என்று பட்டையைச் சீவி யாரும் கசாயம் வைக்கக் கூடாது. பழம் வேறு, பட்டை வேறு.

நாட்டு மரம் என்றாலே நோய் அண்டாது என்ற பேச்சையும் நான் நம்புவதில்லை. அமெரிக்க டாக்வுட்டுக்கு 1970களின் கடைசியில் ஒரு பூஞ்சண நோய் பிடித்தது. வெளியிலிருந்து வந்த பூஞ்சணம் என்றே பெரும்பாலான ஆய்வாளர் கருதுகிறார்கள். காடுகளிலும் தோட்டங்களிலும் எண்ணற்ற மரங்கள் பட்டுப்போயின. எல்லாரும் விரும்பிய ஒரு மரத்தை எங்கும் ஒரே வகையாய் நட்டு வைத்தால் இந்த ஆபத்து இருக்கிறது. அழிஞ்சிலைப் புகழ்கிற வேகத்தில் ஊர் முழுக்க அழிஞ்சில் நடச் சொன்னால் நானும் அந்தத் தவறைத்தான் செய்கிறேன். காட்டில் அது தனியாக நிற்பதில்லை. பாலை, வீரை, காயா, முதிரை, சவண்டலை என்று ஒரு கூட்டத்துக்குள்தான் நிற்கிறது. வளவிலும் அந்தக் கூட்டத்தில் மூன்று நாலையாவது சேர்த்து நட்டால்தான் அதுவும் நன்றாக இருக்கும்.

இப்படிச் செய்து காட்டியவர்கள் நமக்கு நேர் எதிர்க்கரையில் இருக்கிறார்கள். மரக்காணம், புதுச்சேரிக் கரைப்பக்கத்து உலர் பசுமைக்காடுகள் திருகோணமலைக் காடுகளின் உடன்பிறப்புகள். மரங்களில் பாதிக்கு மேல் நமக்கும் தெரிந்த முகங்கள்தான். அந்தக் காடுகள் பெரும்பாலும் கோயில்காடுகளாக, சின்னத் துண்டுகளாகத்தான் மிஞ்சின. 1968இல் தொடங்கிய ஆரோவில்லில், மண் அரித்துச் செம்மேடாகக் கிடந்த நிலத்தில், அந்தத் துண்டுகளிலிருந்து விதை பொறுக்கி, நாற்று வளர்த்து, காட்டைத் திரும்பக் கொண்டுவந்தார்கள். வீட்டுத் தோட்டத்துக்கும் பூங்காவுக்கும் அதே நாட்டு மரங்களைக் கொடுக்கிற நாற்றுமேடைகள் அங்கே உண்டாயின. நமக்கு அவ்வளவு பாடு இல்லை. நம் காடு இன்னும் குளக்கட்டுக்கு அப்பால் நிற்கிறது.

நம் பக்கத்து நாற்றுக்கடைகளில் குல்மோகர் இருக்கும், கடதாசிப்பூ இருக்கும், குரோட்டன் பத்து நிறத்தில் இருக்கும். அழிஞ்சில் கேட்டால் எங்கே கிடைக்கும் என்று நம்மையே திருப்பிக் கேட்பார்கள். கடையில் இல்லாததால் யாரும் நடுவதில்லை. யாரும் கேட்காததால் கடையில் இல்லை. குல்மோகரின் வெற்றிக்குப் பாதிக் காரணம் அதன் சிவப்பு. மீதிப் பாதி, அதன் விதை எவ்வளவு நாள் வைத்தாலும் கெடாமல், சுடுநீரில் ஊறப்போட்டால் சில நாளில் முளைத்துவிடுவது. ஐந்தாறு வருடத்தில் பூவும் காட்டிவிடும். அழிஞ்சில் அப்படி அவசரப்படாது. நாற்றுக்காரருக்கு அவசரப்படாத மரத்தில் இலாபம் குறைவு.

அப்படியானால் எது எங்கே? என் கணக்கு இது. வீதியோரத்தில், கட்டடமும் கம்பியும் இல்லாத வெளியில், ஏற்கெனவே நிற்கிற குல்மோகர்கள் நிற்கட்டும். பாடசாலை மைதானத்தின் தூர ஓரத்திலும் ஒன்றிரண்டு நிற்கலாம். சித்திரை விடுமுறை முடிந்து வரும் பிள்ளைகளுக்கு அந்தச் சிவப்பு வேண்டும். கோயிலின் வெளிவீதி எல்லை, குளக்கட்டின் வெளிச்சரிவு, வயலுக்கும் வளவுக்கும் இடைப்பட்ட வேலி, வீட்டு வளவின் தென்மேற்கு மூலை, இவை அழிஞ்சிலின் இடம். தென்மேற்கு என்பது கச்சான் வருகிற பக்கம். அங்கே அது வைகாசிக்குள் இலை கட்டிக்கொண்டு காற்றை மறித்து நிற்கும்.

மலை தனி விஷயம். ஊரார் கந்தசாமி மலை என்று சொல்லும் குன்றில், வட்டதாகே என்னும் வட்டத் தூபிமண்டபமும் தூண்வரிசைகளும், பல்லவர் காலக் கிரந்த எழுத்தை ஒத்த வடிவில் வெட்டிய வடமொழிக் கல்வெட்டும் உள்ள பழைய பௌத்தத் தலம் இருக்கிறது. கிரிகண்டு சேய என்பது சிங்களப் பெயர். கடல்கடந்து வந்த வணிகரைப் பற்றிப் பேசும் கல்வெட்டு அது. அங்கே தொல்லியல் திணைக்களத்தின் அனுமதி இல்லாமல் ஒரு குழிகூடத் தோண்டக் கூடாது. பழைய செங்கல்லுக்குப் பக்கத்தில் எந்த மரத்தின் வேரும் நல்லதல்ல, அழிஞ்சிலின் வேரும் அல்ல. ஆனால் ஏறிப் போகும் வழியின் சரிவுகளில் தானாக நிற்கும் மரங்களைக் களை என்று எண்ணி அழித்துவிட்டு, அந்த இடத்தில் தொட்டிச்செடி வைக்க யாரும் நினைக்காமல் இருந்தால் போதும். மாசியில் ஏறுகிறவர்களுக்கு அந்த வெண்பூவைவிடப் பொருத்தமான வரவேற்பை யாரும் நட்டு உண்டாக்க முடியாது.

முன்னே சொன்ன பெரியவரின் வளவில் குல்மோகர் இப்போது கூரைக்கு மேலே போய்விட்டது. போன மாரியில் ஒரு கொப்பு முறிந்து கிணற்றுக் கட்டில் விழுந்தது. யாருக்கும் ஒன்றும் ஆகவில்லை. வெட்டிய அழிஞ்சிலின் அடிக்கட்டையிலிருந்து, வேலிக் கம்பிக்கு அப்பால், மூன்று தண்டுகள் எழும்பியிருக்கின்றன. இம்முறை அவர் கத்தி எடுக்கவில்லை. எடுக்காததற்குக் காரணம் நான் கேட்கவும் இல்லை. “பூ மணக்குது என்ன” என்று மட்டும் சொன்னார்.

பழம் சிவக்கத் தொடங்கியிருக்கிறது. முற்றக் கறுத்ததைத்தான் எடுக்க வேண்டும். சாம்பலும் மணலும் போட்டுக் கசக்கி, பசையெல்லாம் போகக் கழுவி, நிழலில் ஒரு நாள் உலர்த்தி, காய விடாமல் உடனேயே மணலும் எருவும் கலந்த பைகளில் ஊன்ற வேண்டும். ஒரு விரற்கணு ஆழம் போதும். முளை வரச் சுணங்கும். பையைத் தட்டிக் கொட்டிவிடக் கூடாது. ஐப்பசி முதல் மழைக்குக் கன்று தயாராக இல்லாவிட்டால் அடுத்த ஐப்பசிக்கு இருக்கும். அவருடைய வேலியோரத்துக்கு இருபது, கோயில் எல்லைக்கு முப்பது என்று பைகளை அடுக்கி வைத்திருக்கிறேன். சின்னான்களுக்கு முன்னம் பழத்துக்கு நான் போய்ச் சேர வேண்டும்.